ஐரோப்பா என் மாமனாரைப் பார்த்தது

நேப்பிள்ஸ் துறைமுகத்தில் கப்பலை விட்டு இறங்கிய கையோடு என் மாமனார் ஓர் இத்தாலியச் சுமைக்கூலியிடம் தெலுங்கில் பேச ஆரம்பித்துவிட்டார். முதலில் தமிழில்தான் கேட்டுப் பார்த்தார். அவன் கையை விரித்தான். எங்கள் கிருஷ்ணகிரிப் பக்கத்தில் ஒருவனுக்குத் தமிழ் புரியவில்லை என்றால் தெலுங்குக்குத் தாவுவோம். அதுவும் புரியாவிட்டால் கன்னடம். மூன்றில் ஒன்று கட்டாயம் பலிக்கும். மாமா மூன்றையும் நிதானமாக, ஒன்றன் பின் ஒன்றாகப் போட்டுப் பார்த்தார். அவன் மூன்றுக்கும் ஒரே மாதிரி கையை விரித்தான்.

"இன்னா மாப்ள இது! மூணு பாஷயும் தெரியாம இவன் எப்பிடிப் பொழைக்கிறான்?" என்று என்னிடம் கேட்டார். கேலி இல்லை. அவன் குடும்பத்தை நினைத்து உண்மையாகவே கவலைப்பட்டார்.

நான் தொழிலால் கேமராக்காரன். கிருஷ்ணகிரியில் கல்யாண போட்டோ எடுத்துக்கொண்டிருந்தவன், மதராசுக்குப் போய் ஒரு படக் கம்பெனியில் சேர்ந்து, பல வருஷம் மற்றவர்களின் கேமராவைத் துடைத்தேன். சுதந்திரத்துக்குப் பிறகு வெளிநாட்டுப் படங்கள் மேல் ஜனங்களுக்கு ஓர் ஆசை வந்திருந்தது. ஐரோப்பிய நகரங்களில் சாதாரண மனிதர்கள் எப்படி நாளைக் கழிக்கிறார்கள் என்று ஒரு டாக்குமெண்டரி எடுத்து வரும்படி கம்பெனி முதலாளி என்னை அனுப்பினார். என் பொறுப்பில் எடுக்கும் முதல் படம். சரியாக வராவிட்டால் மறுபடியும் கல்யாண வீட்டுப் பந்தல்தான்.

"கோபுரம், அரண்மனை எல்லாம் வேண்டாம். அது காலண்டர்லயே இருக்கு" என்றார் முதலாளி. "ஜனங்களை எடுங்க. துணி தோய்க்கட்டும், ரொட்டி வாங்கட்டும். ஆனா ஒருத்தரும் கேமராவைப் பாக்கக் கூடாது. பாத்தா அது வாழ்க்கை இல்லை, குரூப் போட்டோ."

என்னோடு வர இருந்த உதவியாளனுக்குப் புறப்படும் வாரத்தில் பொன்னுக்கு வீங்கி வந்து கன்னம் பலூன் ஆகிவிட்டது. அவன் இடத்தில் என் மாமனார் முனிரத்தினம் எப்படி வந்தார், அவர் கையில் பாஸ்போர்ட் எப்படி வந்தது என்பதெல்லாம் பெரிய கதை. அதை எழுத ஆரம்பித்தால் நாம் நேப்பிள்ஸைத் தாண்டவே மாட்டோம். அவர் மாந்தோப்புக்காரர். ஆறடி உயரம். காதைத் தொடும் மீசை. பஞ்சகச்சம் மாதிரி இறுக்கிக் கட்டிய வேட்டி, அதன் மேல் கறுப்புக் கோட்டு, தலையில் குங்குமச் சிவப்பில் உருமால். கேமரா நிறுத்தும் மர முக்காலியைக் கலப்பையைத் தூக்குகிற மாதிரி தோளில் சாய்த்துக்கொண்டு நடந்தார்.

மறுநாள் காலை நேப்பிள்ஸில் ஒரு குறுகலான சந்துக்குள் நுழைந்தோம். தலைக்கு மேலே இந்த வீட்டு ஜன்னலுக்கும் எதிர் வீட்டு ஜன்னலுக்கும் கயிறு கட்டித் துணி உலர்த்தியிருந்தார்கள். கீழே ஒரு பெண் தொட்டியில் துணி கசக்கினாள். ஒரு நாவிதர் வாசலில் நாற்காலி போட்டுச் சவரம் செய்துகொண்டிருந்தார். ஒருத்தி மாடியிலிருந்து கூடையைக் கயிற்றில் இறக்கிக் காய் வாங்கினாள். இதைவிட அன்றாட வாழ்க்கை வேறு என்ன வேண்டும்? என் கேமரா சாவி கொடுத்து ஓட்டுகிற ரகம். சாவியை முறுக்கி, பொத்தானை அழுத்தி, கண்ணை வைத்தேன்.

சந்து முழுவதும் நின்றுபோயிருந்தது. துணி கசக்கிய பெண்ணின் கை நுரையோடு அந்தரத்தில் இருந்தது. கூடை பாதி வழியில் தொங்கியது. பாதிக் கன்னம் சவரம் ஆன ஆள் நாற்காலியை விட்டு எழுந்து நின்றான். எல்லோரும் என் தலைக்குச் சற்று மேலே பார்த்தார்கள். திரும்பினேன். மாமா என் பின்னால் நின்று மீசையைத் தடவிக்கொண்டிருந்தார்.

"நம்மள நல்லா கவனிக்கிறாங்கோ மாப்ள. மரியாதை தெரிஞ்ச ஊரு" என்றார்.

"மாமா, அவங்க உங்களைப் பாக்கக் கூடாது. கொஞ்சம் அந்த முக்குல போய் மறைவா நில்லுங்க."

போய் நின்றார். சந்தும் அவர் பின்னாலேயே போய் அந்த முக்கில் நின்றது. நாவிதர் கத்தியோடு போனார். நான் எடுக்க மிச்சம் இருந்தது உலர்கிற துணியும் ஒரு பூனையும்தான்.

மத்தியானம் ஒரு சிறு ஓட்டலில் நீள நீளமாக ஒரு பண்டத்தைத் தட்டு நிறையக் கொண்டுவந்து வைத்தார்கள். மாமா ஒரு இழையை எடுத்து உயரத் தூக்கிப் பார்த்தார். அது முடியவில்லை. எழுந்து நின்று தூக்கினார்.

"சேமியாவ ஒடிக்கக்கூட இங்க ஆள் இல்லியா?"

பக்கத்து மேசைக்காரர் முள்கரண்டியில் சுற்றிச் சாப்பிடும் முறையைக் காட்டிக்கொடுத்தார். மாமா சுற்றினார், சுற்றினார். கடைசியில் உறியடிப் பானை அளவுக்கு ஓர் உருண்டை சேர்ந்துவிட்டது. அதற்குள் சமையல்காரர்கூட வெளியே வந்து வேடிக்கை பார்த்தார். அதையும் எடுத்தேன். எல்லோரும் மாமாவைப் பார்க்கிறார்கள். மாமா உருண்டையைப் பார்க்கிறார்.

அடுத்து ஆம்ஸ்டர்டாம். தண்ணீரில் பாதி, சைக்கிளில் பாதியாக இருக்கிற ஊர். இங்கே ஓர் உபாயம் செய்தேன். மாமாவுக்குக் கால்சட்டை வாங்கினேன். "வேட்டி சைக்கிள் சக்கரத்துல மாட்டிக்கும் மாமா" என்று ஒரு பயத்தையும் கிளப்பிவிட்டேன். மாட்டிக்கொண்டு வந்தார். ஆனால் உருமாலைக் கழற்ற மறுத்தார். கால்சட்டை கழன்றுவிடுமோ என்று முன்பக்கம் ஒரு கையும் பின்பக்கம் ஒரு கையுமாகப் பிடித்தபடி நடந்தார். முக்காலியை நான் தூக்கினேன். வேட்டி கட்டியபோது சும்மா பார்த்தவர்கள், இப்போது சைக்கிளை விட்டு இறங்கிப் பார்த்தார்கள். இறங்காத ஒருவர் வாய்க்காலுக்குள் போக இருந்தார். மரம் ஒன்று தடுத்துக்கொண்டது. சாயங்காலமே மாமா வேட்டிக்குத் திரும்பினார்.

அந்த ஊரில் தள்ளுவண்டிக்காரன் ஒருவன் மீன் விற்றான். கோட்டும் தொப்பியும் போட்ட ஒரு கனவான் தலையை அண்ணாந்து, மீனை வாலைப் பிடித்துத் தூக்கி, அப்படியே வாய்க்குள் இறக்கினார். மாமா என் தோளைப் பற்றினார்.

"மாப்ள, பச்ச மீனு! அடுப்புல காட்டவே இல்ல!"

"உப்புல ஊறினதாம் மாமா. வழக்கமாம்."

"வழக்கமா? பாவம், பொண்டாட்டி ஊருக்குப் போயிருப்பா" என்று அந்தக் கனவானுக்காக வருந்தினார்.

ஊருக்கு வெளியே புல்வெளியில் பசுக்கள் மேய்ந்தன. குளிருக்காக முதுகில் சாக்குத் துணியைக் கட்டிவிட்டிருந்தார்கள். மாமாவுக்கு அங்கே நகர மனம் வரவில்லை. "மாட்டுக்குக் கோட்டு தெச்சுப் போட்டிருக்கான் பாருங்கோ! நம்மூரு பக்கம் அஞ்செட்டியில சொன்னா ஒருத்தனும் நம்ப மாட்டான்" என்றார். பசுவாவது கேமராவைப் பார்க்காது என்று நம்பி எடுத்தேன். மாமா "ப்பா... ப்பா..." என்று ஊர் வழக்கப்படி கூப்பிட்டார். அத்தனை பசுவும் தலையைத் தூக்கிப் பார்த்தன.

பாரிசில் மூன்றாம் நாள், பூமிக்கு அடியில் ஓடும் ரயிலில் ஏறினோம். ஏறினோம் என்பது தப்பு. மாமா முக்காலியோடு ஏறினார். கேமராப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நான் காலை எடுத்து வைப்பதற்குள் கதவு தானாகச் சாத்திக்கொண்டது. எங்கள் பக்கத்து பஸ் என்றால் கண்டக்டரிடம் கத்தலாம். பக்கவாட்டில் ஒரு தட்டுத் தட்டலாம். இங்கே கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சிவப்பு உருமால் சிறிதாகிச் சிறிதாகி இருட்டுக்குள் போய்விட்டது.

நடைமேடையில் தனியாக நின்றேன். சுற்றிலும் பார்த்தேன். ஒருத்தி கம்பளி பின்னினாள். ஒரு தாத்தா பேப்பரைப் படித்துக்கொண்டே தூங்கினார். இரண்டு பெண்கள் ஒரே சீப்பால் மாற்றி மாற்றித் தலை வாரிக்கொண்டார்கள். ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை. முதலாளி கேட்டது இதுதான். இத்தனை நாள் நான் ஏங்கியதும் இதுதான். கேமராவை வெளியே எடுத்துச் சாவியையும் முறுக்கிவிட்டேன். ஆனால் விரல் பொத்தானை அழுத்தவில்லை. மாமாவுக்கு இந்த ஊரில் தண்ணீர் கேட்கக்கூடத் தெரியாது. 'அப்பாவ எங்க வுட்டுட்டு வந்தீங்கோ?' என்று என் மனைவி சரோஜா கேட்கிற குரல் காதில் விழுந்தது. கேமராவைப் பெட்டிக்குள் போட்டு, அடுத்த ரயிலில் ஏறினேன்.

ஒவ்வொரு நிறுத்தத்திலும் இறங்கித் தேடினேன். அதிகாரி ஒருவரிடம் என் தலையைச் சுற்றிக் கையால் உருமால் கட்டிக் காட்டி, விரலால் மீசை வரைந்து காட்டினேன். தலைவலிக்கு மருந்து கேட்கிறேன் என்று நினைத்து மருந்துக்கடைக்கு வழி சொன்னார். கடைசியில் ஒரு நிறுத்தத்தில், பெஞ்சில், மூன்று கன்னியாஸ்திரீகளுக்கு நடுவில் மாமா உட்கார்ந்திருந்தார். மடியில் முக்காலி. கையில் முழ நீள ரொட்டி.

"மாமா! எங்க தொலைஞ்சு போனீங்க?" என்று ஓடிப்போய் அவர் கையைப் பிடித்தேன்.

"நான் எங்க தொலஞ்சேன்? நான் இங்கதான கீறேன். நீங்கதான் தொலஞ்சு போயிட்டீங்கோ" என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, ரொட்டியில் பாதியை முழங்காலில் வைத்து ஒடித்துக் கொடுத்தார். "சாப்புடுங்கோ. பல்லு பத்திரம்."

அன்று மாலை அவருக்குக் களி வேண்டும் என்று தோன்றிவிட்டது. பயந்துபோன மனிதர் வேறு எப்படிச் சொல்வார்? பெட்டியிலிருந்து ராகி மாவு வெளியே வந்தது. நாங்கள் தங்கியிருந்த வீட்டுச் சொந்தக்கார அம்மாள், ஒடிசலான விதவை, சமையலறையைத் தந்தாள். உலை கொதித்தது. மாவைக் கொட்டியாயிற்று. கிண்டத் துடுப்பு இல்லை. நான் வேறு பக்கம் திரும்பியிருந்த நேரத்தில் மாமா முக்காலியின் ஒரு காலைக் கழற்றிக் கழுவி, பானையைப் பாதங்களுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு கிண்ட ஆரம்பித்திருந்தார்.

"மாமா! அது கேமரா முக்காலி!"

"நல்ல தேக்கு மாப்ள. களிக்குன்னே செஞ்ச மாதிரி இருக்குது."

உருண்டை பிடித்து, மாங்காய் ஊறுகாயோடு வீட்டுக்கார அம்மாளுக்கும் வைத்தார். மெல்லக் கூடாது, முழுங்க வேண்டும் என்று தொண்டையைத் தொட்டுக் காட்டினார். அவள் நாகரிகமாக மென்றாள். வாய் ஒட்டிக்கொண்டது. பேச முடியாமல் ஊறுகாயை எடுத்து வாயில் போட்டாள். கண்ணிலிருந்து தாரை தாரையாகக் கொட்டியது. அப்புறம் அவள் சொன்னதை அகராதி வைத்துப் புரிந்துகொண்டேன்: "என் கணவர் இறந்தபோதுகூட நான் இப்படி அழவில்லை." சொல்லிவிட்டு இன்னொரு உருண்டை கேட்டாள்.

காலையில் பார்த்தால், முக்காலியின் அந்தக் காலில் உள்ளே இறங்கி ஏறும் பகுதிக்குள் களி புகுந்து சிமெண்டு போல இறுகியிருந்தது. இழுத்தோம், தட்டினோம், வெந்நீர் ஊற்றினோம். அது நீளவே இல்லை. ஒரு கால் குட்டை. அதன் பிறகு நான் எடுத்த பாரிஸ் முழுவதும் ஒரு பக்கமாகச் சாய்ந்திருக்கும்.

கையில் கடைசிச் சுருள்தான் மிச்சம். ஒரு கடைத்தெருவுக்குப் போனோம். ஒரு பெரிய பழக்கடை. நடுவில், பஞ்சு மெத்தை மேல், ஒரே ஒரு மாம்பழம். நகைக்கடையில் வைப்பதுபோல வைத்திருந்தார்கள். மாமா அப்படியே நின்றுவிட்டார்.

"யார் வூட்டுப் புள்ளையோ, இங்க வந்து தனியா கெடக்குது" என்றார். கிட்டப் போய்க் காம்பை முகர்ந்தார். கட்டைவிரலால் அமுக்கினார்.

இடுப்பில் ஏப்ரன் கட்டிய குண்டான கடைக்காரர் பாய்ந்து வந்தார். தொடாதே, தொடாதே என்று கத்துகிறார் என்பதற்கு அகராதி தேவைப்படவில்லை. மாமாவுக்கு ரோஷம் வந்துவிட்டது. பழத்தைத் தொடாதே என்று அவரிடம் பிறந்ததிலிருந்து யாரும் சொன்னதில்லை.

"யோவ், இது பிஞ்சுல பறிச்சதுயா! புளிக்கும்! இத பஞ்சுல வெச்சு ஊர ஏமாத்துறியா?" என்று ஆரம்பித்து, சூடு ஏறியதும் தெலுங்குக்குப் போய், அங்கிருந்து கன்னடத்துக்கு ஏறினார். கடைக்காரர் பிரெஞ்சில் விடாமல் பதில் கொடுத்தார். இருவரும் ஒருவரையொருவர் முழுக்கப் புரிந்துகொண்டதுபோல் இருந்தது. தெருவே கூடிவிட்டது. கூடையோடு வந்தவர்கள், நாயோடு வந்தவர்கள், நீள ரொட்டியைக் கக்கத்தில் வைத்தவர்கள். நான் குட்டைக்காலுக்கு அடியில் ஒரு முட்டைக்கோசை வைத்து முக்காலியை நிறுத்தி, அது அமுங்கிச் சாய்ந்ததையும் கவனிக்காமல் எடுத்துக்கொண்டே இருந்தேன்.

போலீஸ்காரர் வந்தார். மாமா விறைப்பாக ஒரு சலாம் வைத்தார். பழக்கத்தில் அவரும் திருப்பிச் சலாம் வைத்துவிட்டார். அதற்குப் பிறகு அவரால் கோபப்பட முடியவில்லை. இங்கிலீஷ் தெரிந்த ஒரு மாணவன் நடுவில் புகுந்து விளக்கினான். அமுக்கியவர் பழத்தை வாங்கிக்கொள்ள வேண்டும் என்று தீர்ப்பாயிற்று.

மாமா பழத்தைக் கையில் உருட்டி உருட்டி நெகிழச் செய்தார். பழத்தின் மூக்கைக் கடித்துத் துப்பினார். புளிப்பில் முகம் எப்படிச் சுளிக்கப் போகிறது என்று எல்லோருக்கும் காட்டுவதற்காகக் கூட்டத்தின் பக்கம் திரும்பி நின்று உறிஞ்சினார். முகம் சுளிக்கவில்லை. மறுபடி உறிஞ்சினார். மீசையெல்லாம் சாறு. கண்ணை மூடி, கொட்டை வரை ஒரு சொட்டு விடாமல் முடித்தார். பிறகு என் காதருகே குனிந்தார்.

"மாப்ள, தேனு. நம்ம தோப்பு மல்கோவாவ விட நல்லாருக்குது. ஊருல மூச்சு வுட்டுறாதீங்கோ."

ஊரில் மூச்சு விடவில்லை. இது புத்தகம், புத்தகத்தைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை.

கடைக்காரர் இடுப்பில் கை வைத்து, "என்ன?" என்பதுபோல் புருவத்தைத் தூக்கினார். மாமா மீசையைத் துடைத்துக்கொண்டு, அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். கூட்டம் கைதட்டியது.

மதராசில் முதலாளி படத்தை ஓட்டச் சொல்லி இருட்டில் உட்கார்ந்து பார்த்தார். பாரிஸ் வந்ததும் அவர் தலை மெல்ல இடப்பக்கம் சாய்ந்தது. முடியும் வரை நிமிரவில்லை. விளக்கைப் போட்டதும் கழுத்தைத் தேய்த்தபடி சொன்னார்: "ஐரோப்பாவோட அன்றாட வாழ்க்கையை எடுக்கச் சொன்னேன். நீங்க உங்க மாமனாரை வேடிக்கை பாக்குற ஐரோப்பாவை எடுத்துட்டு வந்திருக்கீங்க. மாடுகூடப் பாக்குது. இதை நான் எந்தத் தியேட்டருக்குக் குடுக்க?" டப்பாக்களை என்னிடமே தள்ளிவிட்டார்.

ஊருக்கு வந்து இரண்டு நாள் திண்டாட்டமாக இருந்தது. பழைய கல்யாணக் கேமராவை எடுத்துத் துடைத்துக்கொண்டிருந்தேன். மாமா வந்து எதிரில் உட்கார்ந்தார்.

"நான் வந்ததாலதான கெட்டுப் போச்சு?"

"படம் ஓடாது மாமா, அவ்வளவுதான்" என்றேன்.

"யாருக்கு ஓடாது? நம்மூருல ஒருத்தரும் இன்னும் பாக்கலியே" என்று எழுந்து போனார்.

கிராமம் கிராமமாகப் போய் விவசாயப் படம் காட்டும் சர்க்கார் வண்டி ஒன்று அப்போது ஊரில் நின்றிருந்தது. அதன் ஓட்டுநரை மாமா என்ன சொல்லிச் சம்மதிக்க வைத்தாரோ தெரியாது. பொழுது சாய்ந்ததும் மாங்காய் மண்டியின் வெள்ளைச் சுவருக்கு எதிரே வண்டி வந்து நின்றது. மண்டிக்காரர்கள், சுமையாட்கள், பஸ்ஸுக்குக் காத்திருந்தவர்கள், குழந்தை குட்டிகளோடு பெண்கள் என்று இடம் கொள்ளாத கூட்டம். நான் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு சரோஜாவின் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

சுவரில் வெளிச்சம் விழுந்தது. கூச்சல் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. நிமிர்ந்து பார்த்தேன். கூட்டம் அரண்டுபோனதுபோல உட்கார்ந்திருந்தது. மாமா அநேகமாகக் கேமராவுக்குப் பக்கத்தில்தான் நின்றிருந்தார். அதனால் பெரும்பாலான காட்சிகளில் அவர் இல்லை. இருந்ததெல்லாம் அவரைப் பார்த்தவர்களின் முகங்கள். ஒரு சந்து நிறைய இத்தாலியர்கள் வாயைப் பிளந்துகொண்டு நேராக எங்கள் மாங்காய் மண்டியைப் பார்த்தார்கள். எதையோ கண்டு ஆச்சரியப்பட்டார்கள், ஒருவரை ஒருவர் இடித்துக் காட்டினார்கள், சிரித்தார்கள்.

முன்வரிசையில் ஒரு பெண் மாராப்பைச் சரி செய்தாள். பக்கத்திலிருந்தவள் தன் மகனின் மூக்கைத் துடைத்துவிட்டாள். சுமையாள் ஒருவர் பீடியை அணைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ஏங்க, அவங்கோ நம்மளயா பாக்குறாங்கோ?" என்று சரோஜா கிசுகிசுத்தாள்.

"ஆமா" என்றேன். வேறு என்ன சொல்வது?

அவள் பின்னால் திரும்பிக் குரல் கொடுத்தாள்: "எல்லாம் சத்தம் போடாம நேரா ஒக்காருங்கோ. அவங்கோ பாக்குறாங்கோ இல்ல!"

கூட்டம் நேராக உட்கார்ந்தது. பாரிஸ் வந்தபோது எல்லோரும் மரியாதையாக ஒரு பக்கம் சாய்ந்துகொண்டார்கள். கடைசிச் சுருளின் கடைசிக் காட்சி எனக்கே மறந்துபோயிருந்தது. ரொட்டிக்கடை வாசலில் முழங்கை வரை மாவு படிந்த ஒருத்தி, நாங்கள் கடைத்தெருவை விட்டுக் கிளம்பும்போது கையைத் தூக்கி ஆட்டியிருக்கிறாள். சுவரில் அவள் கை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் அசைந்தது. மாவு உதிர்ந்தது.

முன்வரிசைப் பெண் தயங்கித் தயங்கித் தன் கையைத் தூக்கினாள். அப்புறம் சரோஜா. அப்புறம் மண்டிக்காரர், சுமையாட்கள், எல்லோரும். படம் தீர்ந்து சுவர் வெறும் வெள்ளையாகிவிட்டது. அத்தனை கைகளும் இன்னும் ஆடிக்கொண்டிருந்தன. பார்த்தால், அவற்றில் ஒன்று என்னுடையது.